எடைக்குப் போடுவதற்கு முன்னால்: மதுரை வட்டாரக் கொட்டகைக் குடும்பங்களுக்கு ஒரு திறந்த மடல்

மதுரையிலும், திண்டுக்கல், தேனி, உசிலம்பட்டி, மேலூர், திருமங்கலம், பரமக்குடி, காரைக்குடிப் பக்கங்களிலும் ஒரு காலத்தில் டெண்டுக் கொட்டகையும் டூரிங் டாக்கீஸும் நடத்திய முதலாளிகளின் பிள்ளைகளுக்கும் பேரப்பிள்ளைகளுக்கும், அங்கே ஆபரேட்டராகவும் கணக்கராகவும் வேலை பார்த்தவர்களின் குடும்பத்தாருக்கும் வணக்கம்.

உங்களில் பெரும்பாலோர் இன்று வேறு தொழிலில் இருக்கிறீர்கள். கொட்டகை நின்ற இடத்தில் கல்யாண மண்டபமோ ஜவுளிக்கடையோ வந்துவிட்டது. அதைப் பற்றிப் புலம்ப நான் எழுதவில்லை. 1952 தீபாவளிக்குப் 'பராசக்தி'யோடு திறந்த தங்கம் தியேட்டரே இடிபட்டுப் போன ஊர் இது. மதுரை ராயல் டாக்கீஸார் 1937-இல் எடுத்த 'சிந்தாமணி' கொட்டிக் கொடுத்த பணத்தில் எழும்பிய சிந்தாமணி தியேட்டரும் இப்போது இல்லை. கட்டடத்தைக் காப்பாற்றுவது பெரும் செலவுள்ள காரியம். உங்களிடம் நான் கேட்பது செலவே இல்லாத ஒன்று. பரணிலும் தாத்தாவின் மரப்பெட்டியிலும் கிடக்கும் பழைய காகிதங்களை எடைக்குப் போட்டுவிடாதீர்கள். அதிலும் 1935-க்கு முந்தைய காகிதம் ஒரு துண்டு இருந்தாலும் அதைப் பத்திரமாக எடுத்து வையுங்கள்.

ஏன் இவ்வளவு வற்புறுத்துகிறேன் என்பதைச் சொல்ல ஒரு மனிதரின் கதையைச் சொல்ல வேண்டும்.

தமிழக அரசு திரைப்பட விருதுகளை அறிவிக்கும்போது ராஜா சாண்டோ நினைவு விருது என்று ஒன்று இருக்கும். வாங்கியவரின் படம் செய்தித்தாளில் வரும். யாருடைய பெயரால் வாங்கினார் என்று ஒரு வரி விளக்கம்கூட வராது. தமிழ் சினிமாவை உயிராக நேசிக்கிறவர்களிடம் கேட்டாலும், பழைய இயக்குநர், 'திருநீலகண்டர்' எடுத்தவர் என்பதோடு நிறுத்திக்கொள்வார்கள். பேசும்படம் வருவதற்கு முன்பே பம்பாயில் கதாநாயகனாக நடித்துப் பேர் வாங்கிய நடிகர் அவர் என்பது அநேகமாக யாருக்கும் நினைவில்லை.

அவருடைய இயற்பெயர் பி.கே.நாகலிங்கம். 1890-களின் நடுவில் பிறந்தவர். ஊர் புதுக்கோட்டை, அப்போது தொண்டைமான்களின் சமஸ்தானம். மதுரையிலிருந்து காலையில் பஸ் ஏறினால் மத்தியானச் சாப்பாட்டுக்குள் திரும்பிவிடக் கூடிய தூரம். உடற்பயிற்சியில் தேறி, கட்டுமஸ்தான உடம்போடு பம்பாய்க்குப் போனார். ஐரோப்பாவின் புகழ்பெற்ற பயில்வான் யூஜின் சாண்டோ 1904-05 வாக்கில் இந்தியாவில் சுற்றுப்பயணம் செய்து உடல் வலிமையைக் காட்டிவிட்டுப் போயிருந்தார். உடற்பயிற்சி செய்கிற இளைஞர்களுக்கெல்லாம் அவர்தான் அன்றைக்கு ஆதர்சம். அந்தப் பெயர் நாகலிங்கத்தின் மீது ஒட்டிக்கொண்டது. நாகலிங்கம் மறைந்து ராஜா சாண்டோ ஆனார்.

எஸ்.என்.பட்டாங்கரின் நேஷனல் ஸ்டூடியோவில் சண்டை வேடக்காரராகத்தான் நுழைந்தார். 1922-இல் 'பக்த போதனா', அடுத்த ஆண்டே 'வீர் பீம்சேன்'. பீமனாக நடித்த அந்தக் கதாநாயக வேடத்துக்கு அவர் வாங்கிய சம்பளம் 101 ரூபாய் என்று சினிமா வரலாறு எழுதியவர்கள் குறித்திருக்கிறார்கள். உடம்பைப் பார்த்துக் கொடுத்த வேடம் அது என்று வைத்துக்கொள்வோம். அதற்குப் பிறகு நடந்ததுதான் நான் வியக்கிற விஷயம். பீமனாகவும் பயில்வானாகவுமே காலம் தள்ளியிருக்கக்கூடிய அந்த ஆள், ஹோமி மாஸ்டர், சந்துலால் ஷா போன்ற இயக்குநர்களின் சமூகப் படங்களில் கோட்டும் சூட்டும் போட்ட நகரத்து நாயகனாக மாறினார். 1926-இல் 'டெலிபோன் கேர்ள்', 'டைப்பிஸ்ட் கேர்ள்'. இரண்டிலும் சுலோசனா நடித்தார். ரூபி மையர்ஸ் என்ற இயற்பெயர் கொண்ட அந்தப் பெண்மணி, நடிக்க வருவதற்கு முன் டெலிபோன் ஆபரேட்டராக வேலை பார்த்தவர். அடுத்த ஆண்டு நடிகை கோஹருடன் 'குணசுந்தரி'. வீட்டுக்குள்ளேயே அடைந்து கிடக்கும் மனைவியிடம் சலிப்படைந்து வெளியே திரியும் கணவன், அவனை மீட்கத் தன்னையே மாற்றிக்கொள்ளும் மனைவி. இந்தக் கதை இன்றைக்கும் நம் வீட்டுத் தொலைக்காட்சியில் ஓடிக்கொண்டுதான் இருக்கிறது.

மௌனப் படம் என்பதன் பெரிய தயவு இதுதான். புதுக்கோட்டைத் தமிழர் ஒருவர் குஜராத்தி வீட்டு மாப்பிள்ளையாகத் திரையில் நின்றபோது, 'உன் உச்சரிப்பு சரியில்லை' என்று சொல்ல யாருக்கும் இடமிருக்கவில்லை. தோளும் கண்ணும் புருவமும் பேசின. வசனம் எழுத்தட்டையில் வந்தது. கராச்சிக்குப் போனால் ஒரு மொழியிலும் மதுரைக்கு வந்தால் வேறு மொழியிலும் அட்டையை மாற்றிக்கொள்ளலாம். பேசும்படம் வந்தபிறகு தென்னாட்டிலிருந்து பம்பாய்க்குப் போன நடிகர்கள் இந்தி உச்சரிப்புக்காக எவ்வளவு பாடுபட்டார்கள் என்பது தெரிந்ததே. ராஜா சாண்டோவின் காலத்தில் அந்தச் சுவர் கிடையாது. அந்தப் பத்துப் பன்னிரண்டு ஆண்டுகளில் இந்திய சினிமா எவ்வளவு திறந்து கிடந்தது என்பதற்கு அவரைவிட நல்ல சாட்சி தமிழர்களில் எனக்குத் தெரிந்து வேறு யாரும் இல்லை.

1928-இல் 'ஸ்நேக ஜோதி' மூலம் இயக்குநரும் ஆனார். பிறகு சென்னைக்கு வந்தார். ஆர்.பத்மநாபனின் அசோசியேட்டட் பிலிம்ஸ் நிறுவனத்துக்காக 1930-இல் 'பேயும் பெண்ணும்', 'நந்தனார்', 1931-இல் 'அநாதைப் பெண்', 'ராஜேஸ்வரி' என்று வரிசையாக எடுத்தார். 'ராஜேஸ்வரி'யில் நடித்த டி.பி.ராஜலட்சுமிதான் அதே ஆண்டு அக்டோபர் இறுதியில் வெளிவந்த முதல் தமிழ்ப் பேசும்படமான 'காளிதாஸி'ன் நாயகி. பின்னாளில் தியாகராஜ பாகவதரைத் திரைக்குக் கொண்டுவந்த கே.சுப்ரமணியம் சினிமாவைக் கற்றுக்கொண்டதும் அசோசியேட்டட் பிலிம்ஸில், ராஜா சாண்டோவின் பக்கத்தில் இருந்துதான். தமிழ் சினிமாவின் முதல் வகுப்பறை என்று அந்த இரண்டு ஆண்டுகளைச் சொன்னால் மிகையாகாது. ஆனால் அந்த வகுப்பில் எழுதிய பாடம் ஒன்றுகூட இன்று பார்க்கக் கிடைப்பதில்லை.

பேசும்படக் காலத்தை வேகமாகச் சொல்லிவிடுகிறேன், அது ஓரளவு பதிவாகியிருக்கிறது. 1935-இல் டி.கே.எஸ். சகோதரர்களை வைத்து 'மேனகா'. 1918-இல் நம் மதுரையில் சங்கரதாஸ் சுவாமிகள் தொடங்கிய தத்துவ மீனலோசனி வித்துவ பால சபையில் வளர்ந்த பிள்ளைகள் அவர்கள். கலைவாணர் என்.எஸ்.கிருஷ்ணனுக்கும் அதுதான் முதல் படம். நாடக மேடையிலேயே வளர்ந்தவர்களுக்கு, கேமராவுக்கு முன் எங்கே நிற்பது, எவ்வளவு அடக்கி நடிப்பது என்று சொல்லிக் கொடுத்தவர், பேச்சே இல்லாமல் பத்தாண்டு நடித்துப் பழகிய மனிதர். படப்பிடிப்பில் கண்டிப்புக்குப் பேர் போனவர். பிறகு 'மைனர் ராஜாமணி', 'திருநீலகண்டர்'. 'சிவகவி'யை அவர் தொடங்கினார், வேறொருவர் முடித்தார். அந்தப் படம் வெளிவந்த 1943-லேயே கோயம்புத்தூரில் காலமானார்.

இனி உங்களிடம் வருகிறேன்.

இந்தியாவில் எடுக்கப்பட்ட மௌனப் படங்கள் 1,300-க்கும் மேல். துண்டு துணுக்குகளையும் சேர்த்து எஞ்சியவை முப்பதை ஒட்டித்தான் வரும். தென்னிந்தியாவில் எடுத்தவற்றில் முழுமையாகக் கிடைத்திருப்பது 'மார்த்தாண்ட வர்மா' ஒன்றுதான். சி.வி.ராமன் பிள்ளையின் நாவலை வைத்து பி.வி.ராவ் எடுத்து 1933-இல் திருவனந்தபுரத்தில் திரையிட்ட படம். நாவலின் உரிமை யாருக்கு என்ற வழக்கில் சிக்கித் திரையிடாமல் நிறுத்தப்பட்டது. நாவலுக்கு உரிமை கொண்டாடிய புத்தகக் கடைக்காரர்களிடமே படச்சுருள் தங்கிவிட்டது. 1974-இல் பூனா தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் அங்கிருந்து அதை மீட்டது. ஊர் ஊராக ஓடியிருந்தால் அதுவும் தேய்ந்து அழிந்திருக்கும். கோர்ட்டுக்கு இழுத்தவர்களே தெரியாமல் காப்பாற்றிவிட்டார்கள்.

மற்ற படங்கள் எப்படி அழிந்தன என்று உங்கள் வீட்டுப் பெரியவர்களுக்கே தெரிந்திருக்கும். அன்றைய படச்சுருள் நைட்ரேட் ரகம், சூடு கண்டால் பற்றிக்கொள்ளும், பற்றினால் தண்ணீரிலும் அணையாது. பம்பாயிலிருந்து சென்னைக்கு, சென்னையிலிருந்து நகரக் கொட்டகைக்கு, அங்கிருந்து டெண்டுக்கு என்று பெட்டி இறங்கி இறங்கி வரும்போது கீறல் விழுந்து, ஓரத் துளை கிழிந்து, கடைசியில் ஓட்ட முடியாமல் போகும். ஓட்ட முடியாத சுருளைக் கழுவினால் வெள்ளி கிடைக்கும் என்று வாங்க வியாபாரிகள் காத்திருந்தார்கள். பேசும்படம் வந்தபிறகு ஊமைப் படத்துக்கு அந்த வெள்ளி தவிர வேறு விலை இல்லை. யாரையும் குறை சொல்ல முடியாது. அன்றைக்கு அது சரக்கு.

அதனால்தான், ராஜா சாண்டோ என்ற நடிகரை இனி நாம் படத்தில் தேடிப் பயனில்லை என்கிறேன். காகிதத்தில்தான் தேட வேண்டும். சென்னையிலும் பம்பாயிலும் இருந்த காகிதங்களை ஆய்வாளர்கள் ஒருவாறு புரட்டிவிட்டார்கள். புரட்டாமல் கிடப்பவை உங்களிடம் இருப்பவை.

என்னென்ன என்று சொல்கிறேன். முதலில் பிட் நோட்டீஸ். மாட்டு வண்டியில் மேளம் கட்டித் தெருத் தெருவாக வீசிக்கொண்டு போன காகிதம். படத்தின் பெயர், நடிகரின் பெயர், எத்தனை பாகம், எத்தனை மணிக்கு ஆட்டம், தரைக்கு எவ்வளவு, பெஞ்சுக்கு எவ்வளவு என்பதெல்லாம் அதில் இருக்கும். மறுபக்கத்தில் வீட்டுப் பிள்ளை வாய்ப்பாடு எழுதிப் பார்த்திருந்தால் அதுவும் இருக்கட்டும், அழிக்காதீர்கள். அடுத்தது லைசென்ஸ். 1918-ஆம் ஆண்டின் சினிமாட்டோகிராப் சட்டப்படி, தீ விபத்துக்குப் பயந்து, படம் காட்ட லைசென்ஸ் வாங்க வேண்டும். அந்த ஒரு தாளில் இடமும் தேதியும் ஆள் பெயரும் சேர்ந்து கிடைக்கும். பிறகு விநியோகஸ்தருடன் போட்ட ஒப்பந்தம், படப்பெட்டிக்கு ரயில்வே பார்சல் ரசீது, கதைச் சுருக்கப் புத்தகம், கண்ணாடி ஸ்லைடு, முதலாளியும் ஆபரேட்டரும் புரொஜெக்டர் பக்கத்தில் நின்று எடுத்துக்கொண்ட புகைப்படம்.

எல்லாவற்றையும்விட எனக்கு ஆசை சம்பளக் கணக்கின் மீதுதான். மௌனப் படம் மௌனமாக ஓடியதே இல்லை. திரைக்குப் பக்கத்தில் ஒருவர் நின்று கதை சொல்வார், எழுத்தட்டையை உரக்கப் படிப்பார், வில்லன் வரும்போது கூட்டத்தை உசுப்பேற்றுவார். ஆர்மோனியக்காரரும் தபலாக்காரரும் இருப்பார்கள். ராஜா சாண்டோவின் உதடு அசையும்போது நம் பாட்டன்மார் கேட்டது அந்த உள்ளூர்க் குரலை. ஒரு நடிகரின் நடிப்பில் பாதி, அவர் முகமே பார்த்திராத ஒரு மனிதரின் தொண்டையில் இருந்தது. அந்தக் கதை சொல்லிகளின் பெயர் எந்த விளம்பரத்திலும் பெரிய எழுத்தில் வந்திருக்காது. சனிக்கிழமைப் பட்டுவாடாவில் மட்டும் வந்திருக்கும்.

இப்படிப்பட்ட கணக்கு நோட்டு என்ன பேசும் என்பதைக் கண்ணால் பார்த்தவன் நான். கீழமாசி வீதிப் பக்கம் ஒரு பழைய பேப்பர் கடையில், தராசுக்குக் கீழே ஒரு கட்டு. சணல் கயிறு போட்டு இறுக்கியிருந்தது. பிரித்தால், மதுரைக்குத் தெற்கே எங்கோ ஓடிய ஒரு டூரிங் டாக்கீஸின் டி.சி.ஆர். நோட்டுகள், அதாவது தினசரி வசூல் கணக்கு நோட்டுகள், 1950-களைச் சேர்ந்தவை. தரை, பெஞ்சு, நாற்காலி என்று கட்டம் போட்டு, கேளிக்கை வரியைக் கழித்து, தினசரி வசூலை நீல மையில் எழுதியிருக்கிறார் கணக்கர். எண்கள் ஒரே சீராக ஓடுகின்றன. திடீரென்று ஒரு நாள் கட்டம் முழுவதும் வெறுமை, ஓரத்தில் 'மழை. ஆட்டம் இல்லை.' இரண்டு பக்கம் தள்ளி, 'ஊரில் திருவிழா, மூன்றாம் ஆட்டம் போட்டது.' இன்னொரு இடத்தில் 'பெட்டி வரவில்லை, பழைய படமே ஓட்டியது, ஜனங்கள் சத்தம்.' முதல் நோட்டின் முன்பாதி பொட்டலம் மடிக்கக் கிழிபட்டுப் போயிருந்தது. கடைக்காரர் நல்ல மனிதர், கிலோ விலைக்கே கொடுத்தார். எந்த வீட்டிலிருந்து வந்தது என்று அவருக்கும் சொல்லத் தெரியவில்லை, மூட்டையாக வந்ததாம்.

1950-களின் நோட்டே இவ்வளவு பேசுகிறது என்றால், 1927-இன் நோட்டு ஒன்று கிடைத்தால் என்னவெல்லாம் சொல்லும்! 'டைப்பிஸ்ட் கேர்ள்' எந்த ஊர்ச் சந்தைத் திடலில் ஓடியது, எத்தனை நாள் தாங்கியது, எல்மோ, எட்டி போலோ போன்ற வெள்ளைக்காரப் பயில்வான்களின் தொடர் படங்களுக்குக் கூடிய கூட்டம் நம்மூர்ப் பயில்வானுக்கும் கூடியதா என்று ஒரே பக்கத்தில் விடை இருக்கும். ஒரு நடிகரின் தொழில் வாழ்க்கை என்பது அவர் நடித்ததோடு முடிவதில்லையே, யார் காசு கொடுத்துப் பார்த்தார்கள் என்பதும் சேர்ந்ததுதான்.

'இந்தக் குப்பையை யார் வைத்துக் காப்பாற்றுவது' என்று கேட்பீர்கள். காப்பாற்றிய ஒருவர் நம் பக்கத்துக்காரர்தான். காரைக்குடியை அடுத்த கோட்டையூரில் ரோஜா முத்தையா என்று ஒருவர் இருந்தார். விளம்பரப் பலகை எழுதுவது அவர் தொழில். புத்தகங்களோடு நாடக நோட்டீஸ், பாட்டுப் புத்தகம், கல்யாணப் பத்திரிகை என்று மற்றவர்கள் தூக்கி எறிந்ததையெல்லாம் வீடு நிறையச் சேர்த்தார். 1992-இல் அவர் மறைந்தபின் சிகாகோ பல்கலைக்கழகம் அதை வாங்கித் தமிழ்நாட்டிலேயே வைக்க ஏற்பாடு செய்தது. அதுதான் இன்று சென்னையில் இருக்கும் ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகம். தமிழ் நாடகத்தையும் சினிமாவையும் பற்றி ஆய்வு செய்கிறவர் எவரும் அதன் வாசலை மிதிக்காமல் இருக்க முடியாது. கோட்டையூரில் அந்த மனிதர் நோட்டீஸ் பொறுக்கியபோது ஊர் என்ன பேசியிருக்கும் என்று உங்களால் ஊகிக்க முடியும்.

எனவே, காகிதத்தைக் கொடுக்க மனம் இருந்தால் அப்படிப்பட்ட நூலகத்துக்குக் கொடுங்கள். தாத்தாவின் கையெழுத்தை வீட்டைவிட்டு அனுப்ப மனம் இல்லை என்றால், அதை நான் முழுமையாக மதிக்கிறேன். படியெடுத்துக்கொள்ள மட்டும் அனுமதியுங்கள். அதற்குக்கூட இப்போது நேரமில்லை என்றால், செல்போனில் பக்கம் பக்கமாகப் படம் பிடித்து வையுங்கள். ஒட்டு நாடாவால் கிழிசலை ஒட்டாதீர்கள், பின்னாளில் அந்தப் பசை காகிதத்தைத் தின்றுவிடும். லேமினேஷன் வேண்டவே வேண்டாம். எந்த ஊர்க் கொட்டகை, யார் நடத்தியது, புகைப்படத்தில் இருப்பவர் யார் என்று வீட்டில் பெரியவர்கள் இருக்கும்போதே கேட்டு, வேறு தாளில் எழுதி உடன் வையுங்கள். பெயர் தெரியாத புகைப்படம் நிறையப் பார்த்து நொந்துபோன அனுபவத்தில் சொல்கிறேன்.

படச்சுருள் டப்பாவே கிடைத்தால், இதைத் தயவுசெய்து கவனமாகப் படியுங்கள். துருப்பிடித்த டப்பாவுக்குள் சுருள் பிசுபிசுத்து, மஞ்சளோடி, பழுப்புப் பொடியாக உதிர்ந்துகொண்டிருந்தால் அது நைட்ரேட்டாக இருக்க வாய்ப்பு அதிகம். ஆர்வத்தில் விரித்துப் பார்க்காதீர்கள், புரொஜெக்டரில் ஏற்றாதீர்கள். அடுப்படிக்கு மேலுள்ள பரணில் இருந்தால் காற்றோட்டமான, வெயில் படாத, ஆள் புழங்காத இடத்துக்கு மெதுவாக மாற்றுங்கள். பக்கத்தில் பீடி, சிகரெட், விளக்கு எதுவும் கூடாது. பஸ்ஸிலோ பார்சலிலோ அனுப்பிவிட வேண்டாம். பூனா காப்பகத்துக்குத் தகவல் சொன்னால் எப்படிக் கொண்டுபோவது என்று அவர்கள் வழிகாட்டுவார்கள். அங்கேயே 2003 ஜனவரியில் நைட்ரேட் பெட்டகம் தீப்பிடித்து ஆயிரக்கணக்கான சுருள்கள் எரிந்து போயின. தெரிந்தவர்கள் கையிலேயே அது எரியும் என்றால், நம் வீட்டுப் பரண் எம்மாத்திரம்.

இதோடு பழைய பேப்பர் கடைக்காரர்களுக்கும் ஒரு வார்த்தை. புதுமண்டபத்தில் அண்ணன்மார் வைத்திருந்த புத்தகக் கடைகளில் கைவைத்த இடத்திலெல்லாம் பொக்கிஷம் கிடைத்த ஊர் மதுரை. உங்கள் கண்ணுக்குத் தப்பி எதுவும் போகாது என்பது எனக்குத் தெரியும். கொட்டகைக் கணக்கு, நோட்டீஸ், லைசென்ஸ் கண்ணில் பட்டால் பொட்டலக் கட்டிலிருந்து பிரித்துத் தனியே வையுங்கள். கிலோ விலைக்கு மேல் கொடுக்க ஆள் இருக்கிறது. மூட்டை எந்த ஊரிலிருந்து வந்தது என்பதை மட்டும் ஒரு சீட்டில் குறித்துக் கட்டோடு சொருகிவிடுங்கள். ஊர் தெரிந்த நோட்டுக்கும் ஊர் தெரியாத நோட்டுக்கும் ஆய்வில் மலைக்கும் மடுவுக்குமான வித்தியாசம்.

சித்திரைத் திருவிழாவுக்கு முன்னால் வீட்டுக்கு வெள்ளையடிக்கும் வழக்கம் நம் பக்கத்தில் உண்டு. பரணிலிருந்து சாமான் இறங்குவதும் மூட்டை கட்டி வாசலில் வைப்பதும் அப்போதுதான். இந்த ஆண்டு இறக்கும்போது, பழைய சாமான் வாங்கும் ஆக்கர் கடைக்கு ஆள் அனுப்புவதற்கு முன், குடும்பத்தில் படிக்கிற பிள்ளை ஒன்றை உட்கார வைத்து அந்த மூட்டையை ஒரு தரம் பிரித்துப் பார்க்கச் சொல்லுங்கள். ராஜா சாண்டோ என்றோ, பி.கே.ராஜா சாண்டோ என்றோ, வெறும் 'பயில்வான் படம்' என்றோ எழுதியிருந்தாலும் அது அவராக இருக்கலாம், எடுத்து வைக்கச் சொல்லுங்கள்.

இப்படிக்கு,
மதுரையிலிருந்து, பழைய சினிமாக் காகிதங்களைத் தேடித் திரியும் ஒரு வாசகர்